கச்சேரியில் நண்பகல் பன்னிரண்டு மணி: ஹட்டன் சட்ட அலுவலகமொன்றின் தேர்தல் சேவை

ஹட்டன் பஸ் தரிப்பிடத்திலிருந்து நடந்து போகக்கூடிய தூரத்தில் உள்ள ஒரு சட்டத்தரணி அலுவலகம், உள்ளூராட்சித் தேர்தலில் போட்டியிட விரும்பும் சுயேச்சைக் குழுக்களுக்கு வேட்புமனுவை நிரப்புவதிலிருந்து நீதிமன்றத்தில் மனுத் தாக்கல் செய்வது வரையிலான சேவைகளை வழங்கி வருகின்றது. மஸ்கெலியாப் பக்கத்துத் தோட்டங்களைச் சேர்ந்த எங்கள் குழு 2023ஆம் ஆண்டிலும் 2025ஆம் ஆண்டிலும் இந்த அலுவலகத்தையே நாடியது. குழுவின் பத்திரங்களைப் பொறுப்பாக வைத்திருந்தவன் என்ற முறையில், அடுத்த முறை போட்டியிட எண்ணும் மலையக இளைஞர்களுக்குப் பயன்பட வேண்டும் என்ற நோக்கத்துடன் இச்சேவையைப் பற்றி எழுதுகிறேன். சட்டத்தரணிகள் தங்கள் தொழிலை விளம்பரம் செய்வதை உயர் நீதிமன்றத்தின் 1988ஆம் ஆண்டு ஒழுக்க விதிகள் அனுமதிப்பதில்லை. எனது எழுத்து அவர்களுக்கு விளம்பரமாகவோ இடைஞ்சலாகவோ அமையக்கூடாது என்பதனால் அலுவலகத்தின் பெயரையும் அங்கு பணிபுரிவோரின் பெயர்களையும் தவிர்த்திருக்கிறேன்.

இத்தகைய ஒரு சேவை எதற்குத் தேவை என்று தேர்தலில் நேரடியாக ஈடுபடாதவர்கள் கேட்கலாம். பிரதேச சபைத் தேர்தல் என்றால் வீடு வீடாகச் சென்று வாக்குக் கேட்பதும், வாக்களிப்பு நாளில் சாவடிக்கு ஆட்களை அழைத்து வருவதும்தான் என்று நாங்களும் முன்பு கேள்விப்பட்டிருந்தோம். ஆனால் 2025 மே 6ஆம் திகதி நடந்த வாக்களிப்பில் சில குழுக்களின் சின்னமே வாக்குச் சீட்டில் இல்லாமற் போனதற்கான காரணம், மார்ச் 20ஆம் திகதி நண்பகலில், கச்சேரி எனப்படும் மாவட்டச் செயலகத்தில் வேட்புமனு ஏற்கும் நேரம் முடிந்தபோது, வாக்களிப்புக்கு ஏறத்தாழ ஏழு வாரங்களுக்கு முன்பே ஏற்பட்டுவிட்டது. ஒரு கையொப்பம், ஒரு முத்திரை, ஒரு பிறப்புச் சான்றிதழ் ஆகியவற்றில் ஏற்படும் குறை ஒரு வட்டாரத்து மக்களின் முழுத் தெரிவையும் இல்லாமற் செய்துவிடும். ஆகவே ஒரு தேர்தல் சட்டச் சேவையை மதிப்பிடும்போது, அது எத்தனை வழக்குகளை வென்றது என்பதைப் பார்க்காமல், வழக்கே தேவைப்படாதபடி எத்தனை பத்திரங்களைச் சரிசெய்து கொடுத்தது என்பதையே நான் அளவுகோலாகக் கொள்கிறேன். அந்த அளவுகோலின்படி இந்த அலுவலகம் நல்ல அலுவலகம். அதன் வழக்குச் சேவையைப் பற்றி அதே அளவுக்கு என்னால் சொல்ல முடியவில்லை.

உள்ளூராட்சித் தேர்தல்களை நெறிப்படுத்தும் அடிப்படைச் சட்டம் 1946ஆம் ஆண்டின் 53ஆம் இலக்க உள்ளூர் அதிகாரசபைகள் தேர்தல் கட்டளைச் சட்டமாகும். அதன் 28ஆம் பிரிவு வேட்புமனு எவ்வாறு அமைய வேண்டும் என்பதையும், 31ஆம் பிரிவு எந்தக் குறைகளுக்காக, தேர்தலை நடத்தும் அதிகாரியான தெரிவத்தாட்சி அலுவலர் அதனை நிராகரிக்க வேண்டும் என்பதையும் கூறுகின்றன. 2017ஆம் ஆண்டின் 16ஆம் இலக்கத் திருத்தச் சட்டம் உறுப்பினர்களில் 60 சதவீதத்தினர் வட்டாரங்களிலிருந்தும் 40 சதவீதத்தினர் விகிதாசாரப் பட்டியலிலிருந்தும் வரும் கலப்பு முறையைக் கொண்டுவந்தபோது, வேட்புமனுவும் இரண்டாகப் பிரிந்தது. வட்டார வேட்பாளர்களுக்கான முதலாவது பத்திரத்தில் குறைந்தது 10 சதவீதத்தினரும், மேலதிக வேட்பாளர்களுக்கான இரண்டாவது பத்திரத்தில் குறைந்தது 50 சதவீதத்தினரும் பெண்களாக இருக்க வேண்டும். அதன் பின்னர் 35 வயதுக்கு மேற்படாத இளைஞர்களுக்கான 25 சதவீத விதியும் சேர்ந்தது. வேட்பாளர் ஒவ்வொருவரும் தமது சம்மதத்தை எழுத்தில் தெரிவிப்பதோடு, அரசியலமைப்பின் ஏழாம் அட்டவணையிலுள்ள சத்தியத்தையும் அல்லது உறுதியுரையையும் செய்திருக்க வேண்டும். குழுத் தலைவரின் ஒப்பத்தைச் சமாதான நீதவான் ஒருவரோ நொத்தாரிசு ஒருவரோ சான்றுபடுத்த வேண்டும். சுயேச்சைக் குழுவாயின் வேட்பாளர் ஒருவருக்கு 5,000 ரூபா வீதம் கட்டுப்பணம் செலுத்த வேண்டும், அங்கீகரிக்கப்பட்ட கட்சிக்கோ அது 1,500 ரூபா மட்டுமே.

இந்தக் கட்டுப்பண வேறுபாட்டை எங்கள் பக்கத்து வாழ்க்கையோடு வைத்துப் பார்க்க வேண்டும். தோட்டத் தொழிலாளியின் அடிப்படை நாட்சம்பளம் அப்போது 1,350 ரூபா. சுயேச்சையாக நிற்கும் ஒரு கொழுந்து பறிக்கும் பெண்ணின் கட்டுப்பணம் அவருடைய நான்கு நாள் பேருக்கு, அதாவது நான்கு நாள் வேலைச் சம்பளத்துக்குச் சமமாக வருகின்றது. இருபது பேர் கொண்ட ஒரு பட்டியலுக்கு ஒரு இலட்சம் ரூபா வேண்டும். அந்தப் பணத்தை லயங்களில் சீட்டுப் பிடித்தும், கொழும்பில் கடைகளில் வேலை செய்யும் பிள்ளைகளிடம் கேட்டும் சேர்த்த குழுக்கள் பல. அத்தனையும் சேர்த்துக் கட்டிய பின்னர் ஒரு முத்திரை இல்லை என்பதற்காக வெளியே நிற்க நேர்ந்தால், அந்த ஊரில் மறுமுறை யாரும் பணம் தரமாட்டார்கள்.

பிரதேச சபையில் எங்களுக்கு ஏன் இவ்வளவு அக்கறை என்பதையும் ஒரு வார்த்தையில் சொல்லிவிடுகிறேன். 1948ஆம் ஆண்டுக் குடியுரிமைச் சட்டத்தால் எங்கள் முன்னோர் குடியுரிமையையும், அதனைத் தொடர்ந்து வாக்குரிமையையும் இழந்தனர். 1987ஆம் ஆண்டுப் பிரதேச சபைகள் சட்டத்தின் கீழோ, தோட்டத்து வீதியையும் குடிநீரையும் கவனிக்கப் பிரதேச சபைக்கு 33ஆம் பிரிவு நீண்ட காலம் தடையாக இருந்து, 2018ஆம் ஆண்டில்தான் திருத்தப்பட்டது. அதே ஆண்டுத் தேர்தலின்போது அம்பகமுவ பிரதேச சபை அம்பகமுவ, நோர்வூட், மஸ்கெலியா என மூன்றாகவும், நுவரெலியா பிரதேச சபை நுவரெலியா, கொட்டகலை, அக்கரப்பத்தனை என மூன்றாகவும் பிரிக்கப்பட்டன. கையெட்டும் தூரத்துக்கு இப்போதுதான் வந்திருக்கும் ஒரு சபையின் வாசலில் விதிமுறைப் பிழையால் தடுக்கப்படுவது, மற்ற மாவட்டத்தவருக்கு இருப்பதைவிட எங்களுக்கு அதிகமாக வலிக்கின்றது.

இனி அலுவலகத்தின் வேலைக்கு வருகிறேன். அவர்களுடைய சேவையில் மிகச் சிறந்தது, வேட்புமனுவுக்கு முன்னரான பத்திரப் பரிசோதனை. தேர்தல்கள் ஆணைக்குழு வேட்புமனுக் காலத்தை அறிவித்த உடனேயே, வேட்பாளர்கள் அனைவரும் தேசிய அடையாள அட்டையையும் பிறப்புச் சான்றிதழையும் எடுத்துக்கொண்டு நேரில் வர வேண்டும் என்று சொல்லிவிட்டார்கள். ஒருவர் எல்லோருடைய பத்திரங்களையும் மொத்தமாகக் கொண்டு வந்து கொடுப்பதை அவர்கள் ஏற்பதில்லை. வாரநாளில் மலையில் வேலை இருப்பதால் வர முடியாதவர்களுக்காக ஞாயிற்றுக்கிழமை அலுவலகத்தைத் திறந்து வைத்தார்கள். பேர் போனால் சம்பளம் போகும் என்ற நிலையில் உள்ள பெண் வேட்பாளர்களுக்கு இது பெரிய உதவியாக இருந்தது.

தோட்டப்புறத்துப் பிறப்புச் சான்றிதழ்களை ஒருமுறை பார்த்தவர்களுக்கு இந்தப் பரிசோதனையின் அருமை புரியும். பிறப்புப் பதிவில் முத்துலெட்சுமி, அடையாள அட்டையில் லெட்சுமி, வாக்காளர் இடாப்பில் தந்தை பெயரின் முதலெழுத்து மாறி வேறொரு லெட்சுமி. அறிவித்தவர் சொன்னதைப் பதிவாளர் வேறு மொழியில் காதால் கேட்டபடி எழுதியிருப்பார். பிறந்த திகதிக்கும் பதிந்த திகதிக்கும் இடையில் மாதக்கணக்கில் இடைவெளி இருக்கும். இளைஞர் ஒதுக்கீட்டில் நிற்பவருக்கு வயதை நிரூபிப்பது கட்டாயம் என்பதால், இப்படிப்பட்ட ஒரு சான்றிதழ் குழுவையே சிக்கலில் மாட்டிவிடக் கூடும். அலுவலகத்தில் இப்பணிக்குப் பொறுப்பாக இருந்த எழுதுவினைஞர் அக்கா ஒவ்வொருவருடைய மூன்று பத்திரங்களையும் பக்கத்தில் பக்கமாக வைத்து, எழுத்தெழுத்தாக விரலால் தொட்டு வாசித்து, மாறுபாடு உள்ளவர்களைத் தனிப் பட்டியலில் எழுதினார். பழைய பிரதி மங்கியிருந்தால் பிரதேச செயலகத்தில் புதிய சான்றுபடுத்திய பிரதி எடுத்து வரும்படி அனுப்பினார். வீட்டில் உள்ள சான்றிதழைக் கடையில் போட்டோ கொப்பி எடுத்துக் கொடுப்பதை அவர் ஒருபோதும் ஏற்கவில்லை. பதிவாளரின் ஒப்பமும் முத்திரையும் உள்ள மூலப் பிரதியே வேண்டும் என்று பிடிவாதமாக இருந்தார். அந்தப் பிடிவாதத்தைச் சிலர் அப்போது குறை சொன்னார்கள். அதன் பெறுமதி மார்ச் 20ஆம் திகதி பிற்பகலில் தெரிந்தது.

பெண் வேட்பாளர்களை அவர்கள் நடத்திய விதத்தைத் தனியாகப் பாராட்ட வேண்டும். மேலதிகப் பட்டியலில் பாதிப் பேர் பெண்களாக இருக்க வேண்டும் என்ற விதி நல்ல விதி. 2018ஆம் ஆண்டுக்கு முன்னர் நாடு முழுவதும் உள்ளூராட்சி உறுப்பினர்களில் பெண்கள் 2 சதவீதத்தைக்கூட எட்டியிருக்கவில்லை. ஆனால் எண்ணிக்கையை நிரப்புவதற்காக மட்டும் மனைவியின் பெயரையும் மதினியின் பெயரையும் அவர்களிடம் கேட்காமலே எழுதிவிடும் வழக்கம் எங்கள் பக்கத்தில் உண்டு என்பதை மறைக்க வேண்டியதில்லை. இந்த அலுவலகத்தில் ஒவ்வொரு பெண்ணையும் உள்ளறைக்கு அழைத்து, கணவரையோ குழுவினரையோ வெளியே இருக்கச் சொல்லி, “நீங்களாகவே விரும்பித்தான் நிற்கிறீர்களா, இந்தச் சத்தியத்தின் பொருள் உங்களுக்கு விளங்குகிறதா” என்று தமிழில் கேட்டுவிட்டுத்தான் ஒப்பமிட வைத்தார்கள். எங்கள் குழுவில் ஒருவர் அந்த அறைக்குள் போய் வந்த பின்னர் தனக்கு விருப்பமில்லை என்று சொல்லி விலகினார். குழுவுக்கு அது சங்கடமாக இருந்தது. வேறொருவரைத் தேட வேண்டியும் வந்தது. இருப்பினும் அவர் அந்த இடத்தில் சொல்லாமல், பின்னர் ஆட்சேபணை நேரத்தில் “அது என் கையொப்பம் இல்லை” என்று சொல்லியிருந்தால் என்ன நடந்திருக்கும் என்பதை எண்ணிப் பார்க்க வேண்டும். சட்டத்தின் நோக்கமும் குழுவின் பாதுகாப்பும் ஒரே கேள்வியில் காக்கப்பட்டன.

எண்ணிக்கை விடயத்திலும் அவர்கள் கவனமாக இருந்தார்கள். சதவீதத்தைத் தாங்களே கணக்கிட்டு, பின்னத்தை மேலே தள்ளுவதா கீழே தள்ளுவதா என்று வாதிடும் வேலையே அங்கில்லை. அந்தந்தச் சபைக்கு உரிய மொத்த வேட்பாளர் எண்ணிக்கையைத் தெரிவத்தாட்சி அலுவலரின் அறிவித்தலிலிருந்து எடுத்து, சிவப்பு மையில் முதற் பக்கத்தில் எழுதி வைத்துவிட்டு, அதற்கு ஒருவர்கூடக் கூடாமலும் குறையாமலும் பட்டியலை அமைத்தார்கள். மொத்த எண்ணிக்கையில் ஒருவர் குறைந்தாலும் பத்திரம் முழுவதும் நிராகரிக்கப்படும் என்பதால் இதில் தாராளம் காட்ட இடமில்லை.

2023ஆம் ஆண்டு அனுபவத்தை இங்கே சொல்லாமல் விட முடியாது. அவ்வாண்டு ஜனவரி 18 முதல் 21 வரை வேட்புமனுக்கள் ஏற்கப்பட்டு, மார்ச் 9ஆம் திகதி தேர்தல் என்று குறிக்கப்பட்டது. நிதி விடுவிக்கப்படாமையால் தேர்தல் நடக்கவில்லை. பாதீட்டில் ஒதுக்கப்பட்ட பணத்தைத் தடுத்து வைக்கக் கூடாது என்று உயர் நீதிமன்றம் மார்ச் 3ஆம் திகதி இடைக்கால உத்தரவு பிறப்பித்தும் பலன் கிட்டவில்லை. 2024 ஆகஸ்ட் 22ஆம் திகதி, தேர்தலை நடத்தத் தவறியதன் மூலம் அப்போதைய ஜனாதிபதியும் தேர்தல்கள் ஆணைக்குழுவும் மக்களின் அடிப்படை உரிமையை மீறியுள்ளனர் என்று அதே நீதிமன்றம் தீர்ப்பளித்தது. பின்னர் 2025ஆம் ஆண்டின் 1ஆம் இலக்க விசேட ஏற்பாடுகள் சட்டம் பழைய வேட்புமனுக்கள் அனைத்தையும் இரத்துச் செய்து, கட்டுப்பணத்தைத் திருப்பிக் கொடுக்கவும் புதிதாக வேட்புமனுக் கோரவும் வழி செய்தது. நாடு முழுவதும் 80,000க்கும் மேற்பட்ட வேட்பாளர்களின் பத்திரங்கள் ஒரே சட்டத்தால் செல்லாமற் போயின.

இந்த அலுவலகம் எங்கள் 2023ஆம் ஆண்டுக் கோப்பை வீசிவிடாமல் கட்டி வைத்திருந்தது. 2025இல் திரும்பிப் போனபோது பழைய பரிசோதனைக் குறிப்புகள் அப்படியே கிடைத்தன. பழைய பட்டியலில் இருந்த இளைஞர்களில் யார் இடைப்பட்ட காலத்தில் 35 வயதைத் தாண்டிவிட்டார்கள் என்பதை அவர்களே முதலில் கவனித்துச் சொன்னார்கள். இரண்டாவது தடவைக்குப் பரிசோதனைக் கட்டணத்தில் பாதியை மட்டுமே வாங்கினார்கள். தேர்தல் பின்போடப்பட்டதற்கு அவர்கள் பொறுப்பில்லை என்றபோதிலும், ஏமாற்றமடைந்த குழுக்களின் நிலையை உணர்ந்து நடந்துகொண்டார்கள்.

வேட்புமனு நாட்களில் நேரத்தை அவர்கள் ஒழுங்குபடுத்திய முறையும் குறிப்பிடத்தக்கது. 2025இல் வேட்புமனு மார்ச் 17ஆம் திகதி தொடங்கி 20ஆம் திகதி நண்பகலில் முடிந்தது. கட்டுப்பணம் செலுத்தும் காலமோ 19ஆம் திகதி நண்பகலோடு முடிந்துவிட்டது. இவ்விரண்டும் ஒரே நாள் என்று எண்ணி ஏமாறுபவர்கள் ஒவ்வொரு தேர்தலிலும் இருக்கிறார்கள். மஸ்கெலியாவிலிருந்து நோர்வூட், ஹட்டன், கொட்டகலை, தலவாக்கலை, நானுஓயா என்று இறங்கியும் ஏறியும் நுவரெலியாக் கச்சேரிக்குப் போய்ச் சேர, மழையும் மூடுபனியும் இல்லாத நாளிலேயே அரை நாள் கழிந்துவிடும். ஆகவே கடைசி நாளுக்கு எதையும் விட்டு வைக்கக் கூடாது என்பது அலுவலகத்தின் கண்டிப்பான விதி. பத்திரத்தைக் குழுத் தலைவரே நேரில் கையளிக்க வேண்டும் என்பதால், அவருக்குச் சுகவீனம் ஏற்பட்டால் என்ன செய்வது என்ற கேள்வியைக்கூட முன்கூட்டியே எங்களோடு பேசினார்கள். கையளித்த பின்னர் நண்பகலிலிருந்து ஒன்றரை மணி வரையான ஆட்சேபணை நேரத்தில் அலுவலகத்து இளம் சட்டத்தரணி ஒருவர் கச்சேரியில் நின்றார். மற்றக் குழுவொன்று எங்கள் வேட்பாளர் ஒருவரின் வதிவிடத்தைப் பற்றி எழுப்பிய ஆட்சேபணைக்கு, வாக்காளர் இடாப்பின் பக்கத்தை அடையாளமிட்டு வைத்திருந்ததால் அங்கேயே பதில் கொடுக்க முடிந்தது. அந்தக் குறுகிய நேரத்தில் ஹட்டனுக்குத் தொலைபேசி எடுத்து ஆலோசனை கேட்டுக்கொண்டிருக்க முடியாது.

அன்று பிற்பகல் நிராகரிக்கப்பட்ட குழுக்களும் இருந்தன. அவற்றில் எங்களுக்குப் பழக்கமான இரண்டு குழுக்கள் நேரே இந்த அலுவலகத்துக்கு வந்தன. இரண்டையும் அலுவலகம் எவ்வாறு கையாண்டது என்பதை உடனிருந்து பார்த்தேன்.

முதலாவது குழுவின் இரண்டாம் பத்திரத்தில் தலைவரின் ஒப்பம் இருந்தது, அதைச் சான்றுபடுத்திய சமாதான நீதவானின் ஒப்பம் இல்லை. வழக்குப் போட வேண்டும், எவ்வளவு செலவானாலும் பரவாயில்லை என்று அவர்கள் கொதித்துக்கொண்டிருந்தார்கள். மூத்த சட்டத்தரணி கட்டளைச் சட்டத்தின் 31ஆம் பிரிவைத் தமிழில் வாசித்துக் காட்டி, சட்டம் வெளிப்படையாகக் கேட்கும் ஒன்று இல்லாதபோது தெரிவத்தாட்சி அலுவலருக்கு வேறு முடிவெடுக்க இடமில்லை, இதைக் கொண்டு கொழும்புக்குப் போனால் உங்கள் பணம்தான் வீணாகும் என்று சொல்லி அனுப்பிவிட்டார். ஆலோசனைக்கென்று ஒரு சதமும் வாங்கவில்லை. 2018ஆம் ஆண்டுத் தேர்தலில் மகரகமையில் பொதுஜன பெரமுன போன்ற பெரிய கட்சியின் வேட்புமனுவே நிராகரிக்கப்பட்டு, கட்சி நேரடியாகப் போட்டியிட முடியாமற் போனதையும் நினைவூட்டினார். வாங்கக்கூடிய ஒரு வழக்கை வேண்டாம் என்று சொல்லும் அலுவலகத்தை நம்பலாம் என்பது எனது துணிபு.

இரண்டாவது குழுவின் நிலை வேறு. இளைஞர் வேட்பாளர்களின் பிறப்புச் சான்றிதழ்களுக்குப் பதிலாகப் போட்டோ கொப்பிகளில் சமாதான நீதவானின் ஒப்பத்தைப் பெற்று இணைத்திருந்தார்கள். சான்றுபடுத்திய பிரதி என்று சட்டம் சொல்வதற்குள் இது அடங்குமா என்பதில் வாதத்துக்கு இடமுண்டு, நாட்டின் பல பாகங்களில் இதே காரணத்துக்காக நிராகரிப்பு நடந்திருக்கிறது, ஆகவே மனுச் செய்யலாம் என்று அலுவலகம் கூறியது. தெரிவத்தாட்சி அலுவலரின் தீர்மானத்தை இரத்துச் செய்யுமாறும் வேட்புமனுவை ஏற்குமாறும் கோரும் ரிட் மனுவை, அரசியலமைப்பின் 140ஆம் உறுப்புரையின் கீழ் மேன்முறையீட்டு நீதிமன்றத்தில் செய்ய வேண்டும். அது இருப்பது கொழும்பு புதுக்கடையில். மலையகத்துக்கு அருகில் உள்ள எந்த நீதிமன்றத்திலும் இந்த வேலையை முடிக்க முடியாது என்பதே எங்கள் மக்களுக்கு இருக்கும் முதற் தடை. வாக்குச் சீட்டு அச்சாகி, ஏப்ரல் 24ஆம் திகதி தபால்மூல வாக்களிப்புத் தொடங்குவதற்குள் உத்தரவு கிடைக்காவிட்டால், மனு சரியாக இருந்தும் பயனில்லாமற் போகலாம் என்பது அடுத்த தடை.

இந்த வழக்குச் சேவையில்தான் எனக்குக் குறைகள் தெரிந்தன. மனு ஆங்கிலத்தில் தயாரிக்கப்பட்டது. மேன்முறையீட்டு நீதிமன்றத்தின் நடைமுறை அதுவாக இருப்பதால் அதற்கு அலுவலகத்தைக் குறை சொல்ல முடியாது. மனுவோடு சேரும் சத்தியக்கடதாசியில், அதன் உள்ளடக்கம் ஒப்பமிடுபவருக்கு வாசித்து விளக்கப்பட்டது, அவர் அதனை விளங்கிக்கொண்டார் என்ற வாசகம் இருக்கின்றது. ஆனால் குழுத் தலைவருக்குச் சொல்லப்பட்டது ஐந்து நிமிடத்தில் முடிந்த ஒரு சுருக்கமே. பந்தி பந்தியாகத் தமிழில் வாசிக்கப்படவில்லை. வேட்புமனுவில் ஒரு பெண்ணின் சம்மதத்தைக் கேட்பதற்குக் கதவைச் சாத்திவிட்டு நேரம் ஒதுக்கிய அதே அலுவலகம், நீதிமன்றத்துக்குச் செல்லும் சத்தியத்தில் அந்தக் கவனத்தைக் காட்டவில்லை. அவசரம் காரணமாக இருக்கலாம். மறுநாட் காலை தாக்கல் செய்ய வேண்டியிருந்தது என்பதும் உண்மை. ஆயினும் தான் என்ன சத்தியம் செய்கிறோம் என்பதைத் தெரிந்துகொள்வது ஒப்பமிடுபவரின் உரிமை, அதில் சுருக்கத்துக்கு இடமில்லை.

பணத்தைப் பற்றியும் சொல்ல வேண்டும். ஹட்டன் அலுவலகத்தின் கட்டணங்களுக்கு உடனுக்குடன் ரசீது கிடைத்தது. புதுக்கடையில் வாதாடிய சட்டத்தரணிக்கு என்று கொடுக்கப்பட்ட தொகைக்கு ரசீது கிடைக்கவில்லை. கேட்டபோது பின்னர் தருவதாகச் சொல்லப்பட்டது. ஊராரிடம் ஐந்நூறும் ஆயிரமுமாகச் சேர்த்த பணத்துக்குக் கணக்குக் காட்ட வேண்டிய குழுத் தலைவர் வெறுங்கையோடு கோயில் மண்டபத்துக் கூட்டத்தில் நின்றார். யாரும் மோசடி செய்ததாக நான் சொல்லவில்லை. ஆனால் மலையகத்தில் பொதுப்பணம் என்பது சந்தேகத்துக்கு எளிதில் இலக்காகும் ஒன்று, அதை அறிந்த அலுவலகம் இதில் இன்னும் கண்டிப்பாக இருந்திருக்க வேண்டும்.

ஏப்ரல் மாத முற்பகுதியில், பிறப்புச் சான்றிதழின் போட்டோ கொப்பி காரணமாக நிராகரிக்கப்பட்ட பல வேட்புமனுக்களை ஏற்குமாறு மேன்முறையீட்டு நீதிமன்றம் உத்தரவிட்டது. வேறு காரணங்களைக் கொண்ட மனுக்கள் சில தள்ளுபடியாயின. நான் சொன்ன இரண்டாவது குழுவும் உத்தரவின் பயனாகப் போட்டிக்குள் திரும்பியது. சட்டரீதியாக இது வெற்றிதான், அலுவலகத்தின் கணிப்பும் சரியாக இருந்தது. ஆனால் மற்றவர்கள் லயம் லயமாகச் சென்று வாக்குக் கேட்ட வாரங்களில் அக்குழுவினர் கினிகத்தேனை, கித்துல்கல வழியாகக் கொழும்புக்குப் போய் வந்துகொண்டிருந்தார்கள். துண்டுப்பிரசுரத்துக்கு வைத்திருந்த பணம் பயணத்துக்கும் மனுவுக்கும் போய்விட்டது. “உங்கள் மனு தள்ளுபடியாகிவிட்டதாமே” என்ற பேச்சைத் தோட்டங்களில் மாற்றுவதற்கே எஞ்சிய நாட்கள் போதவில்லை. பதிவாளரின் முத்திரையுள்ள பிரதியை நேரத்தோடு எடுத்திருந்தால் இத்தனையும் தேவைப்பட்டிருக்காது. வழக்கில் வென்ற குழுவின் இந்த நிலையைப் பார்த்த பின்னர்தான் எழுதுவினைஞர் அக்காவின் பிடிவாதத்தை எங்கள் குழுவில் குறை சொன்னவர்களும் ஒத்துக்கொண்டார்கள்.

வாக்களிப்புக்குப் பின்னரான சேவை பலரும் எதிர்பாராதது. 2023ஆம் ஆண்டின் 3ஆம் இலக்கத் தேர்தல் செலவின ஒழுங்குபடுத்தல் சட்டத்தின்படி, வென்றவர் தோற்றவர் என்ற வேறுபாடின்றி வேட்பாளர் ஒவ்வொருவரும் பெறுபேறு வெளியான 21 நாட்களுக்குள் வரவு செலவு அறிக்கையை ஒப்படைக்க வேண்டும். தோற்றவர்கள் மறுநாளே கொழுந்துக் கூடையை எடுத்துக்கொண்டு மலைக்குப் போய்விடுவார்கள். தேர்தல் முடிந்தது என்றே நினைப்பார்கள். அறிக்கை கொடுக்காதது குற்றம், அதற்காக நீதவான் நீதிமன்றத்தில் நிற்க வேண்டி வரும் என்பதை அலுவலகம் ஒவ்வொரு வேட்பாளருக்கும் தொலைபேசியில் சொல்லி, ஞாயிற்றுக்கிழமைகளில் அழைத்து, படிவத்தைத் தமிழில் நிரப்பிக் கொடுத்தது. செலவே செய்யாத மேலதிகப் பட்டியல் பெண்களுக்கும் “செலவு இல்லை” என்று எழுதி ஒப்பமிட்ட அறிக்கை ஒப்படைக்கப்பட்டது. இதற்கெனத் தனிக் கட்டணம் வாங்கவில்லை.

சபைகள் ஜூன் 2ஆம் திகதி பதவிக்கு வந்தபோது இன்னொரு விதிமுறைச் சிக்கல் எழுந்தது. அரைவாசிக்கு மேற்பட்ட ஆசனங்களை ஒரு கட்சியோ குழுவோ பெற்றிருந்தால் அதுவே தவிசாளரின் பெயரை அறிவிக்கும். அப்படி யாருக்கும் பெரும்பான்மை இல்லாத சபையில், உள்ளூராட்சி ஆணையாளர் கூட்டும் முதற் கூட்டத்தில் உறுப்பினர்கள் தவிசாளரைத் தெரிவு செய்ய வேண்டும். அந்த வாக்கெடுப்பு பகிரங்கமாகவா இரகசியமாகவா என்ற தகராறு அம்மாதம் கொழும்பு மாநகர சபையிலேயே பெரிதாக எழுந்து, இறுதியில் இரகசிய வாக்கெடுப்பில் மேயர் தெரிவானார். எங்கள் குழுவிலிருந்து தெரிவான உறுப்பினருக்கு அலுவலகம் ஒரே பக்கத்தில் தமிழ்க் குறிப்பொன்றைத் தயாரித்துக் கொடுத்தது. வாக்கெடுப்பின் முறையை யார் தீர்மானிப்பது, வாக்குகள் சமமானால் என்ன செய்வது, தனது ஆட்சேபணையைக் கூட்டறிக்கையில் எழுதும்படி எந்தக் கட்டத்தில் கேட்க வேண்டும் என்பன அதில் இருந்தன. முதன்முறையாகச் சபைக்குள் காலடி வைத்த ஒரு தோட்டத்து இளைஞர் எழுந்து நின்று, குறிப்பைப் பார்த்து, தயங்காமல் கேள்வி கேட்டதைப் பொதுமக்கள் பகுதியிலிருந்து பார்த்த எங்களுக்குப் பெருமையாக இருந்தது.

கட்டணத்தைப் பொறுத்தவரை, பத்திரப் பரிசோதனைக்கும் கச்சேரியில் ஆள் நிற்பதற்கும் சேர்த்து எங்கள் குழுவிடம் வாங்கியது ஐந்து வேட்பாளர்களின் கட்டுப்பணத்தைவிடக் குறைவு. செய்த வேலைக்கு அது நியாயமானது. இந்தப் பத்திரச் சேவைக்கு எந்தக் குழுவையும் தயங்காமல் அனுப்புவேன். வழக்கு என்று வந்தால், சத்தியக்கடதாசியை முழுமையாகத் தமிழில் வாசித்துக் காட்டும்படியும், கொழும்புச் சட்டத்தரணிக்குப் போகும் பணத்துக்குக் கையோடு ரசீது தரும்படியும் முதல் நாளிலேயே கேட்டு எழுதி வாங்கிக்கொள்ள வேண்டும். இவ்விரண்டையும் பற்றி அலுவலகத்துக்கு நேரிலும் எழுத்திலும் தெரிவித்திருக்கிறேன். முதலாவதைத் திருத்திக்கொள்வதாக மூத்த சட்டத்தரணி பதில் எழுதியிருக்கிறார். ரசீது விடயத்துக்கு இன்னும் பதில் வரவில்லை.

செல்ல விரும்புவோர், வேட்புமனு அறிவித்தல் வெளிவரும் வரை காத்திருக்க வேண்டாம். அந்த வாரம் அங்கே நிற்க இடமிருக்காது. வேட்பாளராக எண்ணும் ஒவ்வொருவரும் தமது பிறப்புப் பதிவின் சான்றுபடுத்திய பிரதியை இப்போதே பிரதேச செயலகத்தில் எடுத்து, அடையாள அட்டையோடும் வாக்காளர் இடாப்போடும் ஒப்பிட்டு வைத்துக்கொண்டு, ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை எட்டரை மணிக்கு முன் போனால், அதே அக்கா நிதானமாகப் பார்த்துக் கொடுப்பார்.